மறுக்க முடிந்தவரின் சம்மதம்

மேல்முறையீட்டில் பேசப்படும் சமரசம், வழக்குத் தொடங்கும் முன் ஊர்ப் பெரியவர்கள் வைத்துப் பேசும் சமரசத்திலிருந்து வேறானது. ஊரில் பேசும்போது இரு தரப்புக்கும் தன் பக்கமே நியாயம் என்ற நம்பிக்கை மட்டும் இருக்கும். மேல்முறையீட்டுக்கு வரும்போது ஒருவர் கையில் தீர்ப்பாணை இருக்கிறது. இருவரும் சாட்சிக் கூண்டு ஏறி இறங்கியாயிற்று. குறுக்கு விசாரணையில், சொந்தத் தம்பியின் பிறப்பைப் பற்றிக்கூடக் கேட்கக் கூடாததைக் கேட்டாயிற்று. யார் வென்றார், யார் தோற்றார் என்பது ஊருக்கே தெரியும். அதற்கும் பிறகு இருவரும் உட்கார்ந்து பேசி ஒரே மனுவில் கையெழுத்துப் போடுகிறார்கள். தோற்றவர் ஏன் பேச வருகிறார் என்பது புரிகிறது. வென்றவர் ஏன் வருகிறார்? நம் உரிமையியல் நீதிமன்றங்கள் எதைத் தர முடியும், எதைத் தர முடியாது என்பதை இந்த ஒரு கேள்வியைக் கொண்டே அறிந்துகொள்ளலாம் என்று நினைக்கிறேன்.

வெற்றி எத்தனை காலம் எடுத்துக்கொள்கிறது என்பதை முதலில் பார்க்க வேண்டும். மாவட்ட முன்சீஃப் கோர்ட்டில் தோற்றவர் 30 நாளுக்குள் சப் கோர்ட்டுக்கு மேல்முறையீடு செய்யலாம். அங்கேயும் தோற்றால் 90 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு. 1976ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு, இரண்டாம் மேல்முறையீட்டில் முக்கியமான சட்டக் கேள்வி ஒன்று இருந்தாக வேண்டும். எந்தச் சாட்சி சொன்னது உண்மை என்பதைப் பொதுவாக அங்கே மறுபடி அலசுவதில்லை. மதுரைக் கிளை திறக்கப்பட்டது 2004இல். அதுவரை கன்னியாகுமரி மாவட்டத்தில் ஒரு வரப்புக்காக வழக்காடியவர் சென்னைக்கு ரயிலேற வேண்டியிருந்தது. மனு போடக் கெடு உண்டு. மனு முடியக் கெடு கிடையாது. அப்பா போட்ட வழக்கில் மகனும், அவருக்குப் பின் பேரனும் சட்டப் பிரதிநிதிகளாகச் சேர்க்கப்படுவது நீதிமன்ற வளாகங்களில் யாரையும் வியப்பில் ஆழ்த்தாத செய்தி.

எல்லாப் படியிலும் வென்றாலும் கையில் கிடைப்பது காகிதம்தான். அதை நிலமாக்க நிறைவேற்று மனு போட வேண்டும். உடைமை பெறும் தீர்ப்பாணையை நிறைவேற்ற 12 ஆண்டு அவகாசம் உண்டு. அந்தப் 12 ஆண்டும் போதாமல் போன குடும்பங்கள் இருக்கின்றன. நீதிமன்ற அமீனா வருவார், எதிர்ப்பு என்று எழுதிக்கொண்டு போவார், போலீஸ் பாதுகாப்புக்கு இன்னொரு மனு போடப்படும். இந்தியாவில் வழக்காடுபவரின் கஷ்டமே டிக்ரி கிடைத்த பிறகுதான் தொடங்குகிறது என்ற பொருளில் லண்டன் பிரிவி கவுன்சில் 1872லேயே சொல்லியிருக்கிறது. சொல்லி 150 ஆண்டு கடந்துவிட்டது. வென்றவர் பேச வருவதற்கு இந்தக் களைப்பு ஒரு காரணம். ஆனால் அது மட்டுமே காரணம் என்றால் சமரசத்தைக் கொண்டாட எதுவுமில்லை. ஓட முடியாதவர் உட்காருவதை யாரும் சமாதானம் என்று சொல்வதில்லை.

இன்னொரு காரணமும் இருக்கிறது. அது நீதிமன்றத்தின் குறையன்று, அதன் இயல்பு. நீதிமன்றம் நடந்ததைத்தான் கேட்கும். தமிழில் மிகப் புகழ்பெற்ற உரிமையியல் வழக்கு திருவெண்ணெய்நல்லூர் அவையில் நடந்தது என்று பெரிய புராணம் சொல்கிறது. சுந்தரர் தனக்கு வழிவழி அடிமை என்று முதியவர் ஒருவர் ஓலை காட்டுகிறார். அவையோர் அந்த ஓலையில் உள்ள கையெழுத்தைச் சுந்தரருடைய பாட்டனாரின் மற்றோர் எழுத்தோடு ஒப்பிட்டுப் பார்த்துத் தீர்ப்புச் சொல்கிறார்கள். முறையான விசாரணை, நேர்மையான தீர்ப்பு. ஆனால் தீர்ப்பு வந்த பிறகும் ஒரு கேள்வி மிச்சம் நிற்கிறது: இந்த ஊரில் உமது வீடு எது? அவையாலேயே அதற்குப் பதில் சொல்ல முடியவில்லை. முதியவர் எழுந்து நடக்க, எல்லோரும் பின்னால் போகிறார்கள். யாருக்கு என்ன உரிமை என்று தீர்ப்பு சொல்லிவிடும். அந்த உரிமையோடு நாளைக் காலையில் எப்படி வாழ்வது என்பது தீர்ப்புக்கு வெளியே இருக்கிறது.

ஒரு பாகப்பிரிவினை வழக்கை எண்ணிப் பாருங்கள். முதல்நிலைத் தீர்ப்பாணை ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு என்று அறிவிக்கும். பின்பு ஆணையர் சங்கிலியோடு வந்து அளப்பார். இறுதித் தீர்ப்பாணையில் அ, ஆ, இ என்று வரைபடம் ஒட்டப்படும். சட்டப்படி எல்லாம் சரி. ஆனால் கிணறு ‘அ’வில் இருக்கிறது. மோட்டார் ஓடும் மின் இணைப்பு இறந்துபோன அப்பா பெயரில் இருக்கிறது. ‘இ’க்கு மாட்டு வண்டி போக வேண்டுமென்றால் ‘ஆ’வின் களத்தை மிதித்தாக வேண்டும். குலதெய்வக் கோயில் நிற்கும் மூன்று சென்ட் யாருக்கு? அம்மா யார் வீட்டில் இருப்பார், அவர் மருந்துச் செலவு யாருடையது? பிராதில் இவை இல்லை. ஆகவே எழுவினாக்களிலும் இல்லை, தீர்ப்பிலும் இல்லை. கேட்காத நிவாரணத்தை நீதிபதி தர முடியாது, தரவும் கூடாது.

நல்ல சமரச மனு ஒன்றை வாசித்தவர்களுக்குத் தெரியும்: அதில் இவைதான் இருக்கும். திங்கள், செவ்வாய் மூத்தவர் முறை, புதன், வியாழன் இளையவர் முறை என்று தண்ணீர் இருக்கும். வடக்கு ஓரமாகப் பன்னிரண்டு அடிப் பாதை, இருவருக்கும் பொது, யாரும் வேலி போடக் கூடாது என்று இருக்கும். ஆடிப் பூசைக்குச் சாவி யார் கையில் என்பதுகூட இருக்கும். நம் சட்டமும் இதற்கு இடம் தந்திருக்கிறது. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை, 3ஆம் விதி சமரசத்தைப் பற்றியது. முன்பு, வழக்கு எதைப் பற்றியதோ அந்த அளவுக்குத்தான் சமரசத்தின்படி தீர்ப்பாணை வழங்க முடியும். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அதை விரித்தது. வழக்கில் இல்லாத விஷயமானாலும், அது அந்தத் தரப்பினரைச் சார்ந்ததாக இருந்தால் தீர்ப்பாணைக்குள் கொண்டுவரலாம். வழக்குக்கு வெளியே உள்ள அசையாச் சொத்து அதில் சேருமானால் பத்திரப்பதிவு வேண்டும் என்பது மட்டும் தனி விதி. மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு விசாரணை நீதிமன்றத்தின் அதிகாரங்கள் உண்டு என்பதால், எந்தப் படியில் நின்றும் இப்படி ராஜியாகலாம். தீர்ப்பு மூடிவிட்ட கதவுகளையும் இரு தரப்பும் சேர்ந்தால் திறந்துகொள்ளலாம் என்று சட்டமே சொல்வதாகத்தான் இதை நான் வாசிக்கிறேன்.

வென்றவர் இணங்குவதுதான் கடினம் என்பதற்குக் காந்தியின் முதல் பெரிய வழக்கு சாட்சி. 1893இல் அவர் தென்னாப்பிரிக்கா போனது தாதா அப்துல்லா என்ற வணிகரின் உரிமையியல் வழக்குக்காக. எதிர்த் தரப்பினர் தாதா அப்துல்லாவின் உறவினரேயான தய்யப் சேட். இருவரையும் மத்தியஸ்தத்துக்கு இணங்க வைத்தது வரை பலருக்கும் தெரியும். அதோடு கதை முடியவில்லை. மத்தியஸ்தர் தாதா அப்துல்லா பக்கமே தீர்ப்புச் சொன்னார். தய்யப் சேட் ஏறத்தாழ 37,000 பவுனும் செலவுத் தொகையும் கட்ட வேண்டும். மொத்தமாகக் கட்டினால் அவர் நொடித்துப்போவார். அந்த வணிகச் சமூகத்தில் நொடித்துப்போவது சாவுக்குச் சமம். நீண்ட காலத் தவணையில் வாங்கிக்கொள்ளும்படி வென்றவரைக் கேட்க வேண்டியிருந்தது. மத்தியஸ்தத்துக்கு இருவரையும் சம்மதிக்க வைத்ததைவிட, தவணைக்கு ஒருவரைச் சம்மதிக்க வைத்ததுதான் தனக்குச் சிரமமாக இருந்தது என்று சத்திய சோதனையில் அவரே எழுதுகிறார். தாதா அப்துல்லா பவுன் கணக்கில் எதையும் இழக்கவில்லை. எதிரியை வீழ்த்தும் வாய்ப்பை மட்டும் விட்டுக்கொடுத்தார். மேல்முறையீட்டில் வென்றவர் விட்டுக்கொடுப்பதும் பெரும்பாலும் இதுதான். நிலத்தில் நாலு அடி போவதைவிட, கடைசிச் சொல் தன்னுடையதாக இருக்க வேண்டும் என்ற ஆசை போவதுதான் வலிக்கும். அந்த வலியைத் தாங்கிக் கையெழுத்துப் போடுகிறவர்மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு.

ஆனால் இந்த மரியாதையைக் கண்ணை மூடிக்கொண்டு எல்லாக் கையெழுத்துக்கும் கொடுத்துவிட முடியாது. பாகப்பிரிவினை வழக்குகளில் தங்கைகளின் கையெழுத்தை எடுத்துக்கொள்வோம். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பிறப்புரிமையைத் தமிழ்நாடு 1989லேயே கொடுத்துவிட்டது. 2005இல் மத்தியச் சட்டம் நாடு முழுவதற்கும் கொடுத்தது. அந்தச் சட்டம் வந்தபோது அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பத்தையும் 2020இல் உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்தது. சட்டம் இப்படி ஏறிவந்த அதே ஆண்டுகளில் வீடுகளில் வேறு பேச்சு நடந்தது. “உனக்குத்தான் நகை போட்டு, சீர் செய்து அனுப்பியாச்சே. அண்ணனோட கோர்ட்ல நிக்கிறவளுக்குத் தாய்வீடுன்னு ஒண்ணு இருக்குமா?” தாலுகாவுக்குத் தாலுகா எழுதப்பட்ட விடுதலைப் பத்திரங்களுக்குப் பின்னால் இந்தப் பேச்சு இருக்கிறது. முதல் கோர்ட்டில் துணிந்து நின்று வென்ற பெண்கூட, அண்ணன் மேல்முறையீடு போட்டு ஏழெட்டு வருஷம் இழுத்த பிறகு, பத்தில் ஒரு பங்கு பணத்துக்கு ராஜியாகிவிடுவது நடக்கிறது. கோப்பில் அதுவும் சமரசம் என்றே பதிவாகும். முடிந்த வழக்குகளின் கணக்கில் அதுவும் ஒன்று கூடும்.

1984இல் அமெரிக்கச் சட்ட அறிஞர் ஓவன் ஃபிஸ், சமரசத்துக்கு எதிராகவே ஒரு கட்டுரை எழுதினார். வசதியில்லாதவரின் சம்மதம் பல நேரம் நெருக்கடியில் பறிக்கப்பட்டது. வழக்கு முடிந்தாலும் நீதி கிடைத்ததாகாது. பொது நெறிகளை வெளிப்படையாகச் சொல்ல வேண்டிய நீதிமன்றம் வாய்மூடிப் போகிறது என்பவை அவருடைய வாதங்கள். நம் மண்ணிலேயே இதற்குச் சான்று இருக்கிறது. 1829இல் சிவகங்கை ஜமீன்தார் மறைந்தபோது எழுந்த வாரிசு வழக்கில், அவர் மகள் காத்தம நாச்சியார் பிரிவி கவுன்சில் வரை போய் 1863இல் வென்றார். ஒருவர் கூட்டுக் குடும்பத்தில் இருந்தாலும் தானாக ஈட்டிய சொத்து பங்காளிகளுக்குப் போகாது, மகன் இல்லாதபோது மனைவிக்கும் பின்பு மகளுக்கும் போகும் என்ற நெறி அந்தத் தீர்ப்பால் உறுதியானது. நடுவில் ஏதோ ஒரு தொகைக்கு அவர் இணங்கியிருந்தால் ஒரு குடும்பத்தின் சண்டை முன்னதாக முடிந்திருக்கும். அவர் பெயர்கூடத் தெரியாத ஆயிரம் மகள்கள் நின்று பேச ஓர் இடம் கிடைத்திருக்காது.

எதைச் சமரசத்துக்கு விடக் கூடாது என்பதில் நீதிமன்றங்களும் கவனமாக இருந்திருக்கின்றன. சமரச வழிகளுக்கு வழக்கை அனுப்பும் 89ஆம் பிரிவு, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் வேறு திருத்தங்களோடு 2002 ஜூலையில் நடைமுறைக்கு வந்தது. அந்தத் திருத்தங்களை உச்ச நீதிமன்றம் வரை கொண்டுபோய் ஆராய வைத்தது நம் சேலம் வழக்கறிஞர் சங்கம். பின்னர் 2010இல் அஃப்கான்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம், பலருக்காக ஒருவர் நடத்தும் பிரதிநிதித்துவ வழக்கு, மோசடியும் போலி ஆவணமும் கடுமையாகச் சாட்டப்பட்ட வழக்கு, சிறுவர், மனநலம் குன்றியவர், தெய்வத்தின் சொத்து என்று பாதுகாப்புத் தேவைப்படும் வழக்கு ஆகியவை இதற்கு ஏற்றவை அல்ல என்று பட்டியலிட்டது. இந்தப் பட்டியலில் ஓர் ஒழுங்கு தெரிகிறது. தன் வாயால் வேண்டாம் என்று சொல்ல முடியாதவர் எங்கெல்லாம் இருக்கிறாரோ அங்கெல்லாம் சட்டம் தயங்குகிறது. சிறுவருக்காகக் காப்பாளர் சமரசம் செய்ய வேண்டுமென்றால் நீதிமன்ற அனுமதி கட்டாயம் என்ற விதியும் அந்தத் தயக்கத்திலிருந்து வந்ததுதான்.

சம்மதத்தின் தரத்தைப் பற்றிய சந்தேகம் எவ்வளவு நீண்ட ஆயுள் கொண்டது என்பதற்குக் காவிரியைவிடப் பெரிய பாடம் இல்லை. சென்னை மாகாணத்துக்கும் மைசூருக்கும் இடையே 1892இல் ஓர் ஒப்பந்தம் இருந்தது. மைசூர் கண்ணம்பாடியில் அணை கட்ட முனைந்தபோது தகராறு மூண்டு, மத்தியஸ்தராக வந்த நீதிபதி கிரிஃபின் 1914இல் மைசூருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். இந்திய அரசும் அதை ஏற்றது. சென்னை மாகாணம் லண்டனில் இருந்த இந்தியா மந்திரியிடம் மேல்முறையீட்டுக்குப் போனது. அவர் அந்தத் தீர்ப்பை ஏற்கவில்லை. வென்றவர் கையில் தீர்ப்பு இல்லாமல் போயிற்று. முறையிட்டவருக்கும் தீர்வு கிடைக்கவில்லை. இருவரும் மறுபடி பேசினார்கள். பொறியாளர்கள் ஆற்றின் அளவுகளை வைத்துக்கொண்டு ஆண்டுக்கணக்கில் பேசிய பின், 1924 பிப்ரவரி 18இல் ஒப்பந்தம் கையெழுத்தானது. கண்ணம்பாடி அணையாகிய கிருஷ்ணராஜ சாகரும் மேட்டூர் அணையும் அதன் நிழலில் எழுந்தன. கிருஷ்ணராஜ சாகரின் கீழ் மைசூர் 1,25,000 ஏக்கரும் மேட்டூரின் கீழ் சென்னை 3,01,000 ஏக்கரும் புதிதாகப் பாசனம் செய்துகொள்ளலாம் என்றானது. எந்தத் தீர்ப்பும் தந்திருக்க முடியாத ஏற்பாடு அது. 50 ஆண்டு கழித்து மறுபரிசீலனை என்று தன் முதுமையையும் அதுவே எழுதிவைத்தது.

ஆனாலும் கேள்வி ஓயவில்லை. வெள்ளையரின் மேலாதிக்கத்துக்குக் கீழே இருந்த மைசூர் சமஸ்தானத்தால், வெள்ளையர் நேராக ஆண்ட மாகாணத்திடம் மறுத்துப் பேசியிருக்க முடியுமா என்று கர்நாடகம் கேட்டுக்கொண்டே இருந்தது. 2018 பிப்ரவரி 16இல் தமிழ்நாட்டுக்கு 177.25 டி.எம்.சி. என்று தீர்ப்பளித்தபோது உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்கவில்லை. அநியாயமான ஒப்பந்தம் என்று அதைத் தள்ளவும் இல்லை. சட்டப்படி அது முடிந்த பேச்சு. ஆயினும் 94 ஆண்டு கழித்தும் ஓர் ஒப்பந்தத்தைப் பார்த்துக் கேட்கப்பட்ட கேள்வி, அதில் எழுதியிருந்த தண்ணீரின் அளவைப் பற்றியது மட்டுமல்ல. கையெழுத்திட்டவருக்கு மறுக்கும் வலு இருந்ததா என்பதையும் பற்றியது. அரசுகளுக்கிடையிலேயே அந்தச் சந்தேகம் இத்தனை காலம் நிற்குமென்றால், அண்ணனுக்கும் தங்கைக்கும் இடையில் அது எவ்வளவு ஆழத்தில் போய்த் தங்கும்?

சட்டம் இதை அறியாததல்ல. வாய்ப்பேச்சுச் சமரசத்தை ஏற்காமல், எழுத்தில், தரப்பினரின் கையெழுத்தோடு வேண்டும் என்று கேட்டது 1976ஆம் ஆண்டுத் திருத்தம்தான். ஒருவர் சமரசம் ஆயிற்று என்றும் மற்றவர் இல்லை என்றும் சொன்னால், நீதிமன்றமே விசாரித்து முடிவு சொல்ல வேண்டும். மிரட்டியோ ஏமாற்றியோ வாங்கிய இசைவு சட்டப்படியான சமரசமாகக் கருதப்படாது. இவ்வளவு எச்சரிக்கைக்கும் காரணம் உண்டு. சம்மதத்தின் பேரில் வந்த தீர்ப்பாணைக்கு மேல்முறையீடு இல்லை. அதை உடைக்கத் தனி வழக்கும் போட முடியாது. அதைப் பதிவு செய்த நீதிமன்றத்திடமே திரும்பிப் போய் முறையிட வேண்டும். மற்ற எந்தத் தீர்ப்பையும்விட இறுகிய முடிச்சு. அதனால்தான் நீதிபதி மேடையிலிருந்து குனிந்து, “அம்மா, நீங்களே மனசு ஒப்பிப் போட்ட கையெழுத்துத்தானா இது?” என்று கேட்கும் அந்த அரை நிமிடம், மொத்த வழக்கின் உயிர் நிலை. ஐம்பது வழக்குகள் காத்திருக்கும் காலை வேளையில் அந்தக் கேள்வி வெறும் சடங்காகக் கரைந்துபோனால், அதுவரை சட்டம் கட்டிய காவல் எல்லாம் வீண்.

சமரசத்துக்கு வழிசெய்யும் ஏற்பாடுகள் நம்மிடம் குறைவில்லை. வழக்குகளை மத்தியஸ்தத்துக்கு அனுப்ப, நாட்டிலேயே நீதிமன்றத்தோடு இணைந்த முதல் மையம் 2005இல் சென்னை உயர் நீதிமன்றத்தில்தான் தொடங்கியது. மக்கள் நீதிமன்றங்கள் இருக்கின்றன. வெளியிலேயே பேசித் தீர்த்துக்கொண்டு வந்தவர்களுக்கும் நீதிமன்றக் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று, சென்னையிலிருந்து சென்ற ஒரு மேல்முறையீட்டில் 2021இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. மத்தியஸ்தத்துக்கென்று 2023இல் தனிச் சட்டமே வந்துவிட்டது. இவையெல்லாம் சம்மதம் என்று சொல்ல விரும்புகிறவருக்கு உதவுகின்றன. மாட்டேன் என்று சொல்ல விரும்புகிறவருக்கு என்ன இருக்கிறது?

மூன்று காரியங்கள் உடனே செய்யக்கூடியவை. முதலாவது மொழி. கீழ்க்கோர்ட்டுகளில் தமிழ் உண்டு. உயர் நீதிமன்றத்தில் ஆங்கிலம்தான். தமிழையும் சேர்க்கச் சட்டமன்றம் 2006இல் நிறைவேற்றிய தீர்மானம் இன்றும் நிறைவேறவில்லை. விளைவாக, இரண்டாம் மேல்முறையீட்டில் ஒரு விவசாயி தன் வாய்க்காலின் எதிர்காலத்தைத் தனக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் எழுதிக் கொடுக்கிறார். சமரச மனுவுடன் தமிழ்ப் பிரதியும் வைத்து, ஒவ்வொரு வரியையும் வாசித்துக் காட்டிய பிறகே கையெழுத்து வாங்குவதற்கு எந்தச் சட்டமும் குறுக்கே நிற்காது. இரண்டாவது வழக்கறிஞர். பெண்களும் பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் வருமான வரம்பு பாராமல் இலவசச் சட்ட உதவி பெறலாம் என்று 1987ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. மேல்முறையீட்டில் தனித்து நிற்கும் தங்கைக்கு, அண்ணனின் வக்கீலே இரு தரப்புக்கும் மனு எழுதும் நிலை இருக்கக் கூடாது. மூன்றாவது அவகாசம். இன்று பேசி இன்றே கையெழுத்து என்ற அவசரம் வேண்டாம். வீட்டுக்குப் போய் ஓரிரவு யோசித்துவிட்டு அடுத்த வாய்தாவில் வந்து சொல்லட்டும்.

இம்மூன்றும் சமரசத்தைக் குறைத்துவிடும் என்று சிலர் அஞ்சலாம். எண்ணிக்கை குறையலாம். மிஞ்சுபவை நிலைக்கும். வேண்டாம் என்று சொல்லிவிட்டு எழுந்து போய், தன் வழக்கைத் தானே நடத்திக்கொள்ள வழி உள்ளவர் மட்டுமே மனமார ராஜியாக முடியும். அந்த வழி இருந்தும் தன் வெற்றியை ஓரமாக வைத்துவிட்டுத் தண்ணீர் முறையைப் பேச வருகிறவரால்தான் ஒரு குடும்பத்தின், ஓர் ஊரின் சண்டை உண்மையிலேயே தீர்கிறது. ஆகவே நீதிமன்றங்கள் விரைவாகவும் நேர்மையாகவும் தீர்ப்பளிப்பது சமரசத்துக்கு எதிரான வேலை ஆகாது. நல்ல சமரசம் விளைவதற்கு அதுதான் முதல் தேவை.